கிடை ஆடுகளும் நிலக்காரர் கடமையும்

பாவூர்சத்திரத்தைச் சுற்றியுள்ள கிராமங்களில், அறுவடை முடிந்து தாள் மட்டும் நிற்கும் வயல்களில் ஆட்டுக்கிடை அமர்த்துவது நெடுங்கால வழக்கமாகும். கீழக்கரிசல், வேம்பூர் முதலிய நாட்டு இனங்கள் இப்பக்கத்து வெயிலையும் நெடுநடையையும் தாங்கவல்லவை.

“ஆட்டு எரு அவ்வருடம், மாட்டு எரு மறுவருடம்” என்னும் பழமொழி வெறும் பேச்சன்று. ஆட்டெருவில் 100க்குச் சுமார் 3 பங்கு தழைச்சத்து உண்டு. சாதாரணத் தொழுவுரத்தில் அரைப் பங்கே. கிடையில் புழுக்கையோடு மூத்திரமும் மண்ணில் இறங்குகிறது. ஆதலின் கிடை பெயர்ந்ததும் தாமதமின்றி ஒரு சால் உழுதுவிட வேண்டும். வெயிலில் காயவிட்டால் தழைச்சத்தில் ஒரு பகுதி ஆவியாய்ப் போக, கொடுத்த கூலியும் அதனோடு போகும்.

இவ்வேற்பாடு எழுத்தின்றி நம்பிக்கையின்மேல் நடப்பது. நம் நாட்டில் ஆடு பற்றிய நம்பிக்கை பழமையானது. முதலாம் இராஜராஜன் காலத்துத் தஞ்சைக் கல்வெட்டுக்களில், ஒரு திருவிளக்குக்கு 96 ஆடுகளை ஏற்றவர் நாள்தோறும் உழக்கு நெய் அளக்கவேண்டும் என்று கண்டிருக்கிறது. அவ்வாடுகளுக்குச் ‘சாவா மூவாப் பேராடு’ என்று பெயர். ஆடு சாகாதா என்ன? செத்ததற்கு ஈடாகக் குட்டியை வளர்த்து, தொகை குறையாமற் காப்பது ஏற்றவர் பொறுப்பு என்பதே அதன் கருத்து.

கிடைக்காரர் இரவெல்லாம் நாய்க்கும் நரிக்கும் கள்வருக்கும் காவலிருக்கிறார். பனியில் ஓரிரவு அவரருகே படுத்தவர் கூலியைக் குறைத்துப் பேசத் துணியார். அந்தியில் இருதரத்தாரும் கூடி ஆடுகளை எண்ணிக்கொள்வதும், கிடை பெயரும் காலையிலேயே கூலியைத் தீர்ப்பதும் வழக்காற்றுக்கு உரியவை. குடிதண்ணீருக்கு வழி காட்டுவதும் அவ்வாறே.

முன்னோர் அறியாத கடமை ஒன்று இக்காலத்தில் சேர்ந்துள்ளது. தக்காளி, வெண்டை, மிளகாய்த் தோட்டங்களில் பூச்சிமருந்து தெளிப்பவர் நாளையும் வயலையும் கிடைக்காரருக்கு முன்கூட்டியே அறிவிக்கவேண்டும். மருந்துபட்ட தழையை மேய்ந்து ஆடுகள் மடியக்கூடும். அவற்றில் பல ஏழைகளின் ஆடுகள். ஒரு கிடையில் பலருடைய ஆடுகள் கலந்திருப்பது சாதாரணம். வாய் திறந்து ஒரு சொல் சொல்லாமையால் நேரும் அந்நஷ்டத்தை அஜாக்கிரதை என்று தள்ளிவிடுவது நியாயமன்று.

ஆடுகள் பயிரில் இறங்கினால் அடித்தல் கூடாது. 1871ஆம் வருஷத்துக் கால்நடை அத்துமீறல் சட்டப்படி, பிடித்த ஆட்டை 24 மணி நேரத்திற்குள் கொண்டித்தொழுவுக்கு அனுப்பவேண்டும். ஆயினும் கிராம நிர்வாக அலுவலர் இருதரத்தாரையும் வயலுக்கே அழைத்துச் சென்று சேதத்தை மதிப்பிட்டுத் தீர்த்துவைத்தால், அடுத்த கோடையிலும் அக்கிடை அவ்வூருக்கு வரும்.