கணித மாடிக்கு வைத்த குண்டு!

அதிகாலை மணி 3.42. ஊர் அயர்ந்து தூங்கிக்கொண்டிருந்தது.

திடீரென்று இடி விழுந்ததுபோல் ஒரு பயங்கரச் சத்தம்! கண்ணாடி ஜன்னல்கள் பொலபொலவென்று நொறுங்கின. படுத்திருந்தவர்கள் பதறி எழுந்து தெருவுக்கு ஓடி வந்தார்கள்.

1970ம் ஆண்டு ஆகஸ்டு 24ந் தேதி, திங்கட்கிழமை. இடம்: அமெரிக்காவில் விஸ்கான்சின் மாநிலத்தின் தலைநகரமான மேடிசன்.

மேடிசன் பல்கலைக்கழகம் பெயர் பெற்றது. இந்தியாவில் பிறந்த விஞ்ஞானி ஹர்கோபிந்த் கொரானா 1968ல் நோபல் பரிசு வாங்கியபோது, அவர் வேலை பார்த்தது இங்கேதான். அந்தப் பல்கலைக்கழகத்தின் ஸ்டெர்லிங் கட்டிடத்தைத்தான் குண்டு பிளந்துவிட்டது.

கணக்குப் போடும் ராணுவம்

அந்தக் கட்டிடத்தின் மேல் மாடிகளில் "ராணுவ கணித ஆராய்ச்சி நிலையம்" இருந்தது. 1956ல் தொடங்கியது. பணம் கொடுத்தது அமெரிக்க ராணுவம். வேலை பார்த்தவர்கள் கணிதப் பேராசிரியர்கள்.

கணக்குக்கும் சண்டைக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்கலாம். நிறைய உண்டு! பீரங்கியை எந்தச் சாய்வில் வைத்தால் குண்டு எங்கே போய் விழும்? ராக்கெட் எந்த வழியாகப் பறக்கும்? பத்தாயிரம் சிப்பாய்களுக்கு ரொட்டியும் தோட்டாவும் எப்படிப் போய்ச் சேரும்? எல்லாமே கணக்குத்தான். அப்போது நிலையத்தின் தலைவராக இருந்த பார்க்ளி ராஸர், இரண்டாம் உலக யுத்தத்தில் ராக்கெட் கணக்குப் போட்டவர்.

அந்த யுத்தத்தில்தான் ராணுவத்துக்கும் பல்கலைக்கழகங்களுக்கும் உறவு பலமாயிற்று. மாசசூசெட்ஸ் தொழில்நுட்பக் கல்லூரியில் 1940ல் தொடங்கிய ஆராய்ச்சிக்கூடம் ராடார் கருவிகளைச் செய்து குவித்தது. யுத்தம் முடிந்தது. உறவு முடியவில்லை.

மாணவர்கள் கொதிப்பு

பிறகு வியட்னாம் போர் வந்தது. அமெரிக்க வாலிபர்களைக் கட்டாயமாகப் பட்டாளத்தில் சேர்த்தார்கள். "நாங்கள் படிக்கும் இடத்திலேயே போருக்கு வேலை நடக்கிறதே!" என்று மாணவர்கள் கொதித்தார்கள்.

நாபாம் தீக்குண்டு செய்த டவ் கம்பெனி 1967 அக்டோபரில் மேடிசனுக்கு ஆள் எடுக்க வந்தது. மாணவர்கள் மறித்தார்கள். போலீசார் தடியடி நடத்தினார்கள். 1970 மே மாதம் ஒஹாயோ மாநிலத்தின் கென்ட் பல்கலைக்கழகத்தில் 4 மாணவர்கள் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். கோபம் நாடெங்கும் பரவியது.

அந்தக் கோபத்தில் ஊர்வலம் போனவர்கள் லட்சக்கணக்கானவர்கள். குண்டை எடுத்தவர்கள் சிலர்தான். மேடிசனில் 4 பேர் சேர்ந்தார்கள். கார்ல் ஆம்ஸ்ட்ராங், அவன் தம்பி டுவைட், டேவிட் பைன், லியோ பர்ட்.

கார்ல் ஏற்கனவே கைவரிசை காட்டியவன். 1969ம் ஆண்டின் கடைசி இரவில் அண்ணனும் தம்பியும் சிறு விமானம் ஒன்றைத் திருடி, ஒரு வெடிமருந்துத் தொழிற்சாலைமீது குண்டு போட்டார்கள். ஒன்றுகூட வெடிக்கவில்லை! பிறகு பட்டாளத்துக்கு ஆள் எடுக்கும் அலுவலகம் என்று நினைத்து, கார்ல் குரங்கு ஆராய்ச்சிக்கூடத்தைத் தாக்கினான். இப்படித் தடுமாறியவர்கள் கையில்தான் சுமார் ஒரு டன் வெடிமருந்து ஏறிய திருட்டு வேன் இருந்தது.

கீழே ஒருவர் இருந்தார்

விடியாத நேரம், யாரும் இருக்கமாட்டார்கள் என்று கணக்குப் போட்டார்கள். வெடிப்பதற்குச் சற்று முன் போலீசுக்கு டெலிபோனும் செய்தார்கள். ஆளை வெளியேற்ற நேரம் போதவில்லை.

கீழ்த்தளத்தில் ராபர்ட் பாஸ்நாக்ட் என்ற விஞ்ஞானி சோதனை செய்துகொண்டிருந்தார். வயது 33. மனைவியும் 3 சிறு குழந்தைகளும் உண்டு. குடும்பத்தோடு வெளியூர் போகுமுன் வேலையை முடித்துவிடலாம் என்று இரவெல்லாம் விழித்திருந்தார். கடுங்குளிரில் உலோகங்கள் எப்படி மின்சாரத்தைக் கடத்துகின்றன என்பதுதான் அவருடைய ஆராய்ச்சி. ராணுவ நிலையத்துக்கும் அவருக்கும் சம்பந்தமே இல்லை. வியட்னாம் போரை அவரும் விரும்பியவர் அல்லர்.

அவர் அங்கேயே மாண்டார். மற்றும் 3 பேர் காயம் அடைந்தார்கள். வேனின் துண்டுகள் மூன்று தெரு தாண்டி, 8 மாடிக் கட்டிடத்தின் உச்சியில் கிடந்தன.

குறி வைத்த கணித நிலையம் என்ன ஆயிற்று? அதைவிடப் பெரிய சேதம் பௌதிகப் பிரிவுக்குத்தான்! நிலையம் வேறு கட்டிடத்துக்கு மாறி, வேலையைத் தொடர்ந்தது.

நான்கு பேரின் கதி

கார்ல் 1972ல் கனடாவில் டொராண்டோ நகரில் சிக்கினான். 23 ஆண்டு தண்டனை; 7 ஆண்டில் வெளியே வந்தான். பிறகு அதே பல்கலைக்கழகத்தின் அருகே வண்டி போட்டுப் பழரசம் விற்றான்!

டேவிட் பைன் 1976ல் அகப்பட்டான். சிறையிலிருந்து வந்தபின் சட்டம் படித்தான். வக்கீலாக விண்ணப்பித்தபோது, ஓரிகன் மாநில உச்ச நீதிமன்றம் 1987ல் மறுத்துவிட்டது. டுவைட் 1977ல் பிடிபட்டு, சிறை சென்று திரும்பி, 2010ல் இறந்தான்.

மற்றப் பல்கலைக்கழகங்களில் சண்டை வேறு விதமாக முடிந்தது. ஸ்டான்போர்டு 1970லும், மாசசூசெட்ஸ் கல்லூரி 1973லும், ராணுவ வேலை செய்த ஆராய்ச்சிக்கூடங்களைத் தனி நிறுவனமாகப் பிரித்துவிட்டன. அந்தக் கூடங்கள் மூடப்படவில்லை. வெளியே இருந்து அதே வேலையைச் செய்தன.

பாஸ்நாக்டின் பெயர் பொறித்த பலகை ஸ்டெர்லிங் கட்டிடத்தில் 2007ல்தான் வைக்கப்பட்டது. சாவுக்கும் பலகைக்கும் நடுவே 37 ஆண்டுகள்!

நாலாவது ஆள் லியோ பர்ட், கனடாவுக்குள் ஓடியவன் ஓடியவன்தான். அவனைப் பற்றித் தகவல் கொடுப்பவருக்கு 1,50,000 டாலர் பரிசு என்று அமெரிக்கத் துப்பறியும் துறை அறிவித்தது. பரிசு வாங்க யாரும் வரவில்லை.