தோலாடையின் விலை: இந்திய வணிகம் குறித்து ஒரு விளக்கம்

தமிழர்க்குத் தோற்றொழில் புதியதன்று. தோலைக் குறிக்க 'அதள்', 'உரி', 'பச்சை' எனப் பல சொற்கள் நம் பழைய நூல்களில் வழங்கியுள்ளன. சிலப்பதிகாரத்தின் இந்திரவிழவூரெடுத்த காதை, புகார் நகரத் தொழிலாளரை வரிசைப்படுத்துங்கால் தோல் தைப்போரையும் மறவாது குறிப்பிடுகின்றது. அத்தொழில் இன்று கடல் கடந்த பெருவணிகமாக வளர்ந்து நிற்கின்றது. நம் நாட்டில் தைக்கப்படும் தோலாடைக்கு விலை எங்ஙனம் அமைகின்றது, அவ்விலை ஏறுவதும் இறங்குவதும் எதனால், அவ்விலையில் சேராது விடுபடுவது எது என்பனவற்றை ஈண்டுக் காண்போம்.

தோல் ஆடையாகும் வகை

அறுக்கப்பட்ட ஆட்டின் தோல் உப்பிடப்பெற்று மண்டிக்கு வருகின்றது. சென்னைப் பெரியமேடு, ஈரோடு ஆகிய இடங்களின் தோல் மண்டிகள் பெயர் பெற்றவை. அங்கிருந்து ஆம்பூர், வாணியம்பாடி, பேரணாம்பட்டு, இராணிப்பேட்டை, திண்டுக்கல் முதலிய ஊர்களில் மக்கள் 'தோல் ஷாப்பு' என வழங்கும் பதனிடும் சாலைகளுக்குச் செல்கின்றது. முற்காலத்தில் ஆவாரம்பட்டையும் கடுக்காயுமே பதனிடப் பயன்பட்டன. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் குரோமிய உப்பினால் பதனிடும் முறை சென்னையில் புகுந்தது. குரோம்பேட்டை என்னும் ஊர்ப்பெயரே அவ்வரலாற்றுக்குச் சான்று பகரும். மென்மையும் வண்ணமும் வேண்டும் ஆடைத் தோலுக்குக் குரோமிய முறையே பெரிதும் ஏற்றது. 1948இல் சென்னை அடையாற்றில் நிறுவப்பெற்ற மத்திய தோல் ஆராய்ச்சி நிலையம் இத்துறைக்கு ஆற்றிய பணி பெரிது.

விலை அமையும் வகை

தோல் பதனிட்ட பின்னர்ச் சதுர அடிக் கணக்கில் விற்கப்படுகின்றது. ஓர் ஆட்டுத்தோல் ஏறத்தாழ 5 சதுர அடி தேறும். ஆடவர் மேற்சட்டை ஒன்றுக்கு 30 முதல் 35 சதுர அடி வரை வேண்டும். எனவே ஒரு சட்டைக்கு ஆறு அல்லது ஏழு தோல்கள் தேவை. அவை அனைத்தும் நிறத்திலும் கனத்திலும் மென்மையிலும் ஒத்திருத்தல் வேண்டும். முள் கீறிய வடுவும், உண்ணி கடித்த தழும்பும், உரிப்பவர் கத்தி பட்ட வெட்டும் தோலின் தரத்தைக் குறைத்துவிடும். ஆடு மேய்ப்பவரின் கவனமும் அறுப்பவரின் கைத்திறனும் ஐரோப்பியக் கடையின் விலைச்சீட்டில் மறைந்து நிற்கின்றன என்றால் அது மிகையன்று.

ஆடையின் அடக்கவிலையில் பெரும்பகுதி தோலுக்கே உரியது. இரசாயனப் பொருள், உள்துணி, பல்பற்றி, தையற்கூலி ஆகியன அதன்மேற் சேரும். அயல்நாட்டு வணிக நிறுவனத்தின் ஆதாயமும் கடைவாடகையும் விளம்பரச் செலவும் அதற்கும் மேலே ஏறும். வணிகப் பெயர் வெளிநாட்டாருடையதாக இருக்கும்வரை ஆதாயத்தின் பெரும்பங்கும் அவர்க்கே உரியதாகும்.

தோலாடை குளிர்காலத்து உடை. இந்தியத் தோலாடையை வாங்குவோருள் ஜெர்மனி, அமெரிக்கா, ஸ்பெயின் ஆகிய நாடுகள் முன்னிற்கின்றன. அந்நாடுகளில் குளிர் குறைந்த ஆண்டில் கடைகளில் சரக்குத் தேங்கும். மறு ஆண்டு இங்கே தையற்கூடத்தில் வேலை குறையும். நாணய மதிப்பும் விலையைப் பாதிக்கும். 1991 ஜூலையில் ரூபாயின் மதிப்புக் குறைக்கப்பட்டபோது ஏற்றுமதியாளர் ஒவ்வொரு டாலருக்கும் கூடுதல் ரூபாய் பெற்றனர். ஆயின் இறக்குமதி செய்த இரசாயனத்திற்குக் கூடுதலாகவும் கொடுத்தனர். 2014-15இல் ஏறத்தாழ 60 கோடி டாலர் அளவில் இருந்த நம் தோலாடை ஏற்றுமதி, கொரோனாப் பெருந்தொற்று நிலவிய 2020-21இல் ஏறத்தாழ 30 கோடி டாலராகச் சுருங்கியது. இவ்வணிகம் எத்துணை மெல்லிய நூலில் தொங்குகின்றது என்பதனை இது காட்டும்.

தோலை விற்பதா, ஆடையை விற்பதா?

விடுதலைக்குப் பின்னரும் நெடுநாள் நாம் பாதி பதனிட்ட தோலையே அயல்நாட்டுக்கு அனுப்பி வந்தோம். அதனை முழுமையாக்கி ஆடையாகவும் காலணியாகவும் விற்ற பிறர் பெரும்பயன் அடைந்தனர். 1972இல் அமைந்த சீதாராமையா குழுவின் பரிந்துரைப்படி, பாதி பதனிட்ட தோலின் ஏற்றுமதிக்கு வரம்பும் வரியும் விதிக்கப்பட்டன. அதன் பயனாகத் தையற்கூடங்கள் பெருகின. பல்லாயிரம் பெண்கள் வேலை பெற்றனர்.

எனினும் இதற்கு மறுபக்கமும் உண்டு. தோல் வெளியே செல்லத் தடையிருப்பின், உள்நாட்டு ஆடை வணிகம் தளரும்போது மண்டியில் தோலுக்குக் கேட்பாரில்லாது போகும். குர்பானித் தோல்களை மதரஸாக்களுக்கும் ஏழை மாணவர் நலனுக்கும் வழங்கும் நம் சமுதாயம், அண்மைக் காலத்தில் அத்தோலின் விலை வீழ்ந்ததனை நேரில் அறியும். செயற்கைத் தோலின் பெருக்கமும் அதற்கு ஒரு காரணம். 2025ஆம் ஆண்டு நடுவண் அரசின் வரவுசெலவுத் திட்டம், சிறு பதனிடுவோர்க்கு உதவும் நோக்கில் 'கிரஸ்ட்' எனப்படும் தோலுக்கு இருந்த 20 விழுக்காடு ஏற்றுமதி வரியை நீக்கியது. 'வெட் புளூ' எனப்படும் தோலின் இறக்குமதிக்கும் வரிவிலக்கு அளித்தது. தோலை விற்பவர் நலனும் ஆடை தைப்பவர் நலனும் எப்போதும் ஒன்றாக இரா. இரண்டையும் சீர்தூக்குவதே நல்ல கொள்கையாகும்.

விலையில் சேராத விலை

தோல் வணிகத்தால் வந்த செல்வம் கல்விக்குப் பயன்பட்டதனை நாம் நன்றியுடன் நினைக்கின்றோம். திருச்சி ஜமால் முகமது கல்லூரியும் மேல்விஷாரம் சி. அப்துல் ஹக்கீம் கல்லூரியும் தோல் வணிகப் பெருமக்களின் பெயர் தாங்கி நிற்கின்றன. ஆயின் அதே தொழில் பாலாற்றையும் அதன் கரைக் கிணறுகளையும் உப்பாக்கியது என்பதனையும் மறைத்தல் தகாது. வேலூர்க் குடிமக்கள் நலமன்றம் தொடுத்த வழக்கில் 1996 ஆகஸ்டு 28 அன்று தீர்ப்பளித்த உச்ச நீதிமன்றம், மாசுபடுத்துவோரே அதற்குரிய செலவை ஏற்க வேண்டும் என்னும் நெறியை நம் நாட்டுச் சட்டமாக நிலைநாட்டியது. 2015 ஜனவரி 31 அன்று இராணிப்பேட்டையில் கழிவுத் தொட்டியின் சுவர் இடிந்து 10 தொழிலாளர் மாண்டனர். 2025 ஜனவரியிலும் பாலாற்று மாசு குறித்து உச்ச நீதிமன்றம் மீண்டும் ஆணையிட நேர்ந்தது.

பொதுச் சுத்திகரிப்பு நிலையங்கள் நிறுவப்பட்டுள்ளமை உண்மையே. அவற்றை இயக்கும் செலவு மிகுதி. அச்செலவை வாங்குவோர் ஏற்க முன்வராவிடில் அது சிறு பதனிடுவோர் தலைமீது விழும். அவரும் தாங்காவிடில் ஆற்றின்மீது விழும். அங்ஙனம் விழுவதே மலிவு விலையின் உட்பொருள்.

முடிவுரை

ஆகவே தோலாடையின் விலையை வெறும் எண்ணாகக் கொள்ளுதல் போதாது. மேய்ப்பவர், உரிப்பவர், பதனிடுபவர், தைப்பவர், ஆற்றுநீர் குடிப்பவர் ஆகிய ஐவரும் அதில் பங்குடையர். அளவையில் குறை செய்யாதிருத்தல் வணிகத்தின் முதல் அறமாகும். நீரையும் உயிரையும் கணக்கில் கொள்ளாத விலையும் குறைந்த அளவையே. தொழிலை ஒழித்தல் தீர்வன்று. ஆயிரக்கணக்கான குடும்பங்களின் அடுப்பு அதனால் எரிகின்றது. வேதியியலும் பொறியியலும் வணிகவியலும் பயிலும் நம் மாணவர், குறைந்த உப்பில் தோலைக் காக்கும் முறையையும், நம் பெயரிலேயே ஆடையை விற்கும் வழியையும் காண முனைவாராயின், முன்னோர் தோல் விற்றுக் கட்டிய கல்விக்கூடங்கள் தம் பயனை முழுமையாக எய்தும்.