பொங்கலூரும் ஜனக்கணக்கும்

கோயமுத்தூரிலிருந்து திருச்சிராப்பள்ளி செல்லும் நெடுஞ்சாலையில், பல்லடத்துக்கும் காங்கயத்துக்கும் இடையே அமைந்திருப்பது பொங்கலூர். திருப்பூர் ஜில்லாவின் 13 பஞ்சாயத்து யூனியன்களில் ஒன்றாகிய இது, 16 கிராம பஞ்சாயத்துகளைத் தன்னகத்தே கொண்டது. மாதப்பூர், காட்டூர், அலகுமலை, பெருந்தொழுவு, நாச்சிபாளையம், தொங்குட்டிபாளையம், கண்டியன்கோயில் ஆகியவை அவற்றுட் சில. சின்ன வெங்காயமும் தென்னையும் இங்கு விளைகின்றன. பரம்பிக்குளம்–ஆழியாறு வாய்க்கால் நீருக்காகக் குடியானவன் முறை வைத்துக் காத்திருக்கிறான். கோழிப் பண்ணைகளும் விசைத்தறிகளும் காற்றாலைகளும் காட்டுக்குக் காடு காணப்படுகின்றன. வடக்கே சில மைல் தூரத்தில் பனியன் நகரமாகிய திருப்பூர் நாளொரு மேனியாக வளர்ந்து வருகிறது. இத்தகைய பிரதேசத்தில் வசிக்கும் ஜனங்கள் எத்தனை பேர், அவர்களை ஆள்வோர் யாவர் என்னும் இரு வினாக்களையும் இன்று ஆராய விரும்புகிறோம்.

பிரிட்டிஷ் ஆட்சியில் திருப்பூர், பல்லடம் தாலுகாவுக்கு உட்பட்ட ஓர் ஊராகவே இருந்தது. பஞ்சும் கதரும் பின்னர் பனியனும் அதனை வளர்த்தன. 1932 ஜனவரியில் கொடி காத்த குமரன் உயிர் நீத்த அந்நகரம், 2008ல் மாநகராட்சியாயிற்று. 2009 பிப்ரவரியில் கோயமுத்தூர், ஈரோடு ஜில்லாக்களின் பகுதிகளைக் கொண்டு திருப்பூர் ஜில்லா உதயமாயிற்று. முன்னம் பல்லடத்துக்கு அடங்கியிருந்த திருப்பூருக்கு இன்று பல்லடம் அடங்கியிருக்கிறது. காலத்தின் போக்கு அது. அதில் குறை காண்பதற்கில்லை.

ஆனால் எல்லைகள் மாறும்போது கிராமவாசியின் சௌகரியம் கவனிக்கப்பட்டதா என்று கேட்க நமக்கு உரிமையுண்டு. பொங்கலூர் யூனியன் கிராமங்கள் சில பல்லடம் தாலுகாவிலும், சில திருப்பூர் தெற்கு தாலுகாவிலும் உள்ளன. பொங்கலூரின் பெயரால் ஒரு சட்டசபைத் தொகுதி இருந்தது. 2006 தேர்தலே அதற்குக் கடைசித் தேர்தல். தொகுதி எல்லைகளைத் திருத்தியமைத்த 2008ம் வருஷத்திய ஆணையால் அது மறைந்தது. இன்று பொங்கலூர், சட்டசபைக்குப் பல்லடம் தொகுதியிலும், பார்லிமெண்டுக்குக் கோயமுத்தூர் தொகுதியிலும் சேர்ந்துள்ளது. கலெக்டரைக் காணத் திருப்பூர் செல்லும் குடியானவன், தன் பார்லிமெண்டு அங்கத்தினரைக் கோயமுத்தூர் அங்கத்தினர் என்றே அறிய வேண்டும். பட்டாவுக்குத் தாசில்தார்; குடிநீருக்கும் தெருவிளக்குக்கும் பஞ்சாயத்து; யூனியன் சாலைக்கு யூனியன் ஆபீஸ். இத்தனை வாசல்களில் தன் வாசல் எதுவென்று தேடுவதிலேயே ஏழையின் அரைநாள் கூலி போய்விடுகிறது.

இவ்வாசல்களில் ஜனங்களுக்கு மிக அருகே உள்ளது பஞ்சாயத்து. காந்தியடிகள் கண்ட கிராம ராஜ்யத்தின் அஸ்திவாரமும் அதுவே. அரசியல் சட்டத்தின் 40வது ஷரத்து அதனை ராஜ்யத்தின் கடமையாக்கிற்று. 1993ல் அமுலுக்கு வந்த 73வது திருத்தம், ஐந்தாண்டுப் பதவிக்காலம் முடியுமுன்பே அடுத்த தேர்தலை நடத்தி முடிக்க வேண்டுமென்று விதித்தது. நடந்தது என்ன? 2016 அக்டோபரில் பதவிக்காலம் முடிந்தது. 2019 டிசம்பர் 27, 30 தேதிகளில்தான் தேர்தல் நடந்தது. மூன்றாண்டுகளுக்கு மேல் தனி அதிகாரிகளே ஆண்டனர். அவ்வாறு தேர்ந்தெடுக்கப்பட்டோரின் காலமும் 2025 ஜனவரி 5ந் தேதி முடிவுற்றது; மறுபடியும் தனி அதிகாரிகள் வந்தனர். அதிகாரிகளின் நேர்மையில் நாம் ஐயம் கொள்ளவில்லை. ஆயினும் குழாயில் நீர் வராத நாளில் தெருவில் நிறுத்திக் கேள்வி கேட்கப் பக்கத்து வீட்டுப் பிரதிநிதி இல்லையெனில், அந்த ஆட்சிக்குச் சுயாட்சி என்று பெயரிடல் பொருந்துமா?

இனி ஜனக்கணக்குக்கு வருவோம். 2011ல் திருப்பூர் ஜில்லாவின் ஜனத்தொகை 24,79,052. அதற்கு முந்திய பத்தாண்டுகளில் தமிழ்நாட்டின் ஜனத்தொகை நூற்றுக்குப் பதினாறுக்குக் குறைவாகவே பெருக, இந்த ஜில்லாவில் ஏறத்தாழ 29 வீதம் பெருகிற்று. இந்த வேகத்தில் வளரும் பிரதேசத்துக்கு 2021ல் எடுக்க வேண்டிய கணக்கு எடுக்கப்படவில்லை. 2021 முதல் 2026 வரையிலான காலத்துக்குரிய 15வது நிதிக் கமிஷன் 2011ம் வருஷத்து ஜனத்தொகையையே கைக்கொண்டது. பஞ்சாயத்து வார்டுகளின் வரையறையும், தாழ்த்தப்பட்டோருக்குரிய ஸ்தானங்களின் விகிதமும் ஜனக்கணக்கையே பற்றி நிற்பவை. கணக்கு பழையதாயின் பங்கும் பழையதே. குடிப்போர் பெருகியிருக்க, குடத்தின் அளவு மட்டும் பெருகாதிருப்பது நியாயமாகுமோ?

மற்றொன்றையும் கவனிக்க வேண்டும். பின்னலாடைத் தொழில் மதுரை, தேனி முதலிய தென் ஜில்லாக்களிலிருந்தும், ஒடிஸா, பீஹார், ஜார்க்கண்ட் முதலிய மாகாணங்களிலிருந்தும் உழைப்பாளிகளை இங்கு ஈர்த்திருக்கிறது. நகரத்தில் வாடகை ஏற ஏற, அவர்களில் பலர் சுற்றுக் கிராமங்களில் லைன் வீடுகளிலும் ஆலை விடுதிகளிலும் குடியிருக்கின்றனர். அவர்கள் குடிப்பது இவ்வூர் நீர். அவர்தம் குழந்தைகள் கற்பது இவ்வூர்ப் பள்ளிகளில். அவர்கள் உழைப்பால் செழிப்பது இவ்வூர்த் தொழில். அவர்களைக் கணக்கில் விட்டுவிட்டால் நஷ்டம் அவர்களுக்கு மட்டுமன்று, ஊராருக்குந்தான்.

அடுத்த ஜனக்கணக்குக்கு 2027 மார்ச் முதல் தேதியை இந்திய சர்க்கார் 2025 ஜூன் 16ந் தேதி குறித்தனர். நம் தேசத் தொண்டர்களுக்கு இதில் தக்க பணி இருக்கிறது. கணக்கெடுப்போர் வரும்போது தெருத்தெருவாக உடன் செல்லலாம். ஹிந்தியோ ஒடியாவோ அறிந்தவரைத் துணைக்கு அழைக்கலாம். விடுதிக் கதவுகள் அடைபட்டிராதபடி ஆலை முதலாளிகளிடம் எடுத்துரைக்கலாம். அயலூரார் அஞ்சக்கூடும், 1948ம் வருஷத்து ஜனக்கணக்குச் சட்டப்படி தனி மனிதர் தரும் விவரம் இரகசியமாகக் காக்கப்படும் என்பதை அவர்களுக்கு விளக்க வேண்டும். சர்க்காரும் பஞ்சாயத்துத் தேர்தல்களை இனி ஒருநாளும் தவணை தவறாது நடத்துதல் வேண்டும்.

பொங்கலூர் வாசிகள் சலுகை கேட்கவில்லை. உள்ளபடி எண்ணப்பட வேண்டும், எண்ணியபடி பங்கு பெற வேண்டும், தாம் தேர்ந்தவரால் ஆளப்பட வேண்டும் என்பதே அவர்தம் உரிமை. அவ்வுரிமை 16 பஞ்சாயத்துகளிலும் நிலைபெறும்வரை நம் வேலை முடிந்ததாகாது.