"அரண்மனை இன்னிக்கு லீவு, சார்!"

பாங்காக் நகரை ஒரே நாளில் சுற்றிப் பார்க்கப் போவோரை மடக்கும் டிப்-டாப் ஆசாமிகள்

பாங்காக் அரண்மனையின் சுற்றுச்சுவர் மட்டும் 1,900 மீட்டர் நீளம். கிட்டத்தட்ட 2 கிலோ மீட்டர். வாசல் எந்தப் பக்கம் என்று தெரியாமல் சுவர் ஓரமாக வெயிலில் நடக்கும் வெளியூர்க்காரரைக் கண்டதும், ஒரு ஆசாமி மெல்ல நெருங்குவான்.

இஸ்திரி போட்ட சட்டை. கழுத்தில் ஏதோ ஒரு அட்டை. வாய் நிறைய சிரிப்பு. இங்கிலீஷ் சரளமாக வரும்.

"அரண்மனைக்கா போறீங்க? அடடா, இன்னிக்கு லீவாச்சே! உள்ளே பிட்சுகளுக்கு பூஜை. மதியம் 1 மணிக்கு மேலேதான் திறப்பாங்க" என்பான்.

கேட்டவர் முகம் வாடும். அதற்குத்தானே அவன் காத்திருந்தான்! பேனாவை எடுத்து, அவர் கையில் உள்ள வரைபடத்திலேயே நாலு வட்டம் போடுவான். "இந்தக் கோவிலைப் பாருங்க, அந்த புத்தரைப் பாருங்க, அதுக்குள்ளே 1 மணி ஆயிடும். டுக்-டுக் வண்டிக்கு 20 பாட் கொடுத்தா போதும்" என்று கையைத் தட்டுவான். சொல்லி வைத்தாற்போல் வண்டி வந்து நிற்கும். சொல்லித்தான் வைத்திருக்கிறார்கள்.

அரண்மனைக்கு லீவும் இல்லை, ஒன்றும் இல்லை. காலை 8.30 மணிக்கே திறந்தாச்சு. அரசு விழா நாட்களில் சில பகுதிகளை மூடுவார்களே தவிர, மற்றபடி தினமும் ஜனங்கள் உள்ளே போய் வந்துகொண்டுதான் இருக்கிறார்கள். மாலை 3.30 மணி வரை டிக்கெட் கொடுப்பார்கள்.

20 பாட்டில் என்ன கிடைக்கும்?

நம்ம ஊரில் ஆட்டோக்காரர் மீட்டருக்கு மேல் கேட்டால் சண்டை போடுகிறோம். அங்கே ஒருவர் டீ காசுக்கு ஒரு மணி நேரம் ஊரைச் சுற்றிக் காட்டுகிறேன் என்றால், பெட்ரோலுக்கு யார் காசு கொடுப்பது என்று யோசிக்க வேண்டாமா?

கொடுப்பது கடைக்காரர். ஆள் வாங்கினாலும் வாங்காவிட்டாலும், கூட்டி வந்து நிறுத்தியதற்கே சில கடைகளில் பெட்ரோல் கூப்பன் உண்டு. வாங்கிவிட்டால் கமிஷன் தனி.

முதலில் ஒரு சின்னக் கோவிலில் வண்டி நிற்கும். கூட்டமே இருக்காது. அங்கே ஒரு கனவான் "தற்செயலாக" உட்கார்ந்திருப்பார். பேச்சுக் கொடுப்பார். நடுவே, "இன்னிக்கு அரசாங்கத்தின் ரத்தினக்கல் விற்பனைக்குக் கடைசி நாள். வரி கிடையாது. நானும் வாங்கினேன். ஊரிலே கொண்டுபோய் விற்றால் ரெண்டு மடங்கு லாபம்" என்று போட்டு வைப்பார்.

வாசலில் பார்த்தவன் ஒருத்தன், வண்டிக்காரன் ஒருத்தன், கோவிலில் கனவான் ஒருத்தர். ஒருவரை ஒருவர் தெரியாதவர்கள் போல் மூன்று பேரும் ஒரே கதையைச் சொன்னால் யார்தான் நம்பமாட்டார்கள்? படித்தவர்கள், வக்கீல்கள், வாத்தியார்கள் எல்லாம் ஏமாந்திருக்கிறார்கள்.

அடுத்து நகைக் கடை. ஏ.சி. அறை, குளிர்பானம், உபசாரம். கிரெடிட் கார்டைத் தேய்த்ததும் கல்லைப் பெட்டியில் வைத்து, "தபாலில் ஊருக்கே அனுப்பிடறோம்" என்பார்கள். ஏன் தபால்? கையில் இருந்தால் பக்கத்து நகைக் கடையில் காட்டி விலை கேட்டுவிடுவார் அல்லவா! ஊர் வந்து சோதித்தால், கல் என்னவோ கல்தான். கொடுத்த பணத்தில் சிறு பங்குகூடப் பெறாது. போலிக் கல் என்றால் போலீசில் பிடித்துக் கொடுக்கலாம். நல்ல கல்லை அதிக விலைக்கு விற்றால் என்ன செக்ஷன் போடுவது? அங்கேதான் சூட்சுமம்.

இந்த வித்தை இன்று நேற்று முளைத்தது அல்ல. பல பத்து வருஷமாக நடக்கிறது. "முன்பின் தெரியாதவர்கள் பேச்சை நம்பாதீர்கள்" என்று அரண்மனைப் பக்கமே எச்சரிக்கைப் பலகைகள் வைத்தார்கள். அதற்கு நாலு அடி தள்ளி நின்று தொழில் நடத்திய கில்லாடிகளும் உண்டு.

டூர் வண்டியில் போனால்?

இந்தத் தொல்லைக்குப் பயந்தே பலர் கைடோடு கூடிய ஒரு நாள் டூரில் பணம் கட்டுகிறார்கள். ஓட்டல் வாசலிலேயே வேன் வரும். மூன்று கோவில், ஒரு அரண்மனை, மதியச் சாப்பாடு, சாயந்திரம் திரும்பக் கொண்டுவந்து விடுவார்கள். குழந்தைகளோடும் பெரியவர்களோடும் போகிறவர்களுக்கு அது சவுகரியம்தான்.

ஆனால் விலையைப் பார்த்து மயங்கக்கூடாது. அரண்மனை டிக்கெட் மட்டுமே வெளிநாட்டுக்காரருக்கு 500 பாட். நம்ம கணக்கில் ஆயிரம் ரூபாய்க்கு மேல். (தாய்லாந்து மக்களுக்கு இலவசம்.) வேன், கைடு, டிக்கெட், சாப்பாடு எல்லாம் சேர்த்து அதைவிடக் குறைவாக ஒருவர் டூர் தருகிறார் என்றால், மிச்சப் பணத்தை வழியில் எங்கோ வசூலிக்கப்போகிறார் என்று அர்த்தம். நகைக் கடையில் ஒரு மணி நேரம், தோல் கடையில் முக்கால் மணி நேரம், கோவிலில் பதினைந்து நிமிஷம் என்று அந்த டூர் ஓடும்.

இதையே மொத்தமாகச் செய்ததுதான் "பூஜ்ய டாலர் டூர்". சீனப் பயணிகளை அடிமாட்டு விலைக்குக் கூட்டி வந்து, குறிப்பிட்ட கடைகளில் மட்டும் இறக்கி, அங்கே கறந்துவிடுவது. 2016-ம் ஆண்டு தாய்லாந்து போலீசார் அதிரடி நடவடிக்கை எடுத்து, டூர் பஸ்களை ஏராளமாகப் பறிமுதல் செய்தார்கள். ஊரே பரபரப்பானது. ஆனால் 2017-ல் கோர்ட்டு குற்றம் சாட்டப்பட்டவர்களை விடுதலை செய்தது.

கைடு விஷயத்தில் நம்மவர்கள் கவனிக்க வேண்டியது ஒன்று இருக்கிறது. தாய்லாந்து சட்டப்படி கைடு வேலை அந்நாட்டுக் குடிமக்களுக்கு மட்டுமே. அதற்கு லைசென்சு அட்டையும் வேண்டும். "நானும் தமிழ்தான், நானே சுத்திக் காட்டறேன்" என்று யாராவது பாதி விலைக்கு வந்தால், பாதி வழியில் போலீசார் மடக்கினால் டூர் அம்போ. சென்னையில் இருந்து கூடவே வரும் டூர் மேனேஜரும் உள்ளூர் கைடை வைத்துக்கொண்டுதான் சுற்றிக்காட்ட வேண்டும்.

பார்க்க வேண்டியது என்ன?

1782-ல் முதலாம் ராமா மன்னர் ஆற்றின் கீழ்க்கரையில் தலைநகரை அமைத்தபோது கட்டத் தொடங்கியது இந்த அரண்மனை. இப்போது மன்னர் இங்கே குடியிருப்பதில்லை. முடிசூட்டு, அரச விழாக்கள் மட்டும் நடக்கின்றன.

வளாகத்துக்குள்ளேயே மரகத புத்தர் கோவில். பெயர்தான் மரகதம், சிலை பச்சை நிறக் கல்லில் செதுக்கியது. உயரம் 66 சென்டி மீட்டர். இரண்டு அடி சொச்சம்தான்! உயரப் பீடத்தில் வைத்திருப்பதால் கழுத்தை நீட்டித்தான் பார்க்கவேண்டும். கோடை, மழை, குளிர் என்று வருஷத்துக்கு மூன்று தடவை சிலைக்கு உடை மாற்றுவார்கள். அதை மாற்றுவது மன்னரின் பொறுப்பு.

கோவிலைச் சுற்றியுள்ள பிராகாரச் சுவரில் ராமாயணம் முழுவதும் 178 காட்சிகளாக வரைந்திருக்கிறார்கள். அங்கே அதற்கு "ராமகியன்" என்று பெயர். கைடு சொல்லாமலே நம்மவர்களுக்குப் பாதிக் கதை புரிந்துவிடும். ஆனால் அனுமார் மட்டும் வேறு ஆள். நம்ம அனுமார் பிரம்மச்சாரி. அவர்கள் அனுமார் காதல் மன்னன்! கூட வந்த பாட்டிகளிடம் இதை விளக்கப் போனால் வம்பு.

அரைக்கால் சட்டை, கை இல்லாத ரவிக்கை எல்லாம் வாசலிலேயே தடை. தோளும் முழங்காலும் மூடியிருக்க வேண்டும்.

இந்த அரண்மனைக்குள் ஒரு மர்மமும் உறங்குகிறது. 1946-ம் ஆண்டு ஜூன் 9-ந்தேதி காலை, 20 வயதே ஆன ஆனந்த மகிதோல் மன்னர் படுக்கை அறையில் குண்டடிபட்டு இறந்துகிடந்தார். அரண்மனை ஊழியர்கள் உள்பட 3 பேருக்கு 1955-ல் மரண தண்டனை நிறைவேற்றப்பட்டது. ஆனாலும் உண்மையில் நடந்தது என்ன என்ற சர்ச்சை ஓயவில்லை. இதை அங்கே போய் கைடிடம் கிளறாதீர்கள். அரச குடும்பத்தை அவமதித்தால் 3 முதல் 15 வருஷம் வரை ஜெயில். அந்த நாட்டுச் சட்டம் அப்படி.

அரண்மனைக்குத் தெற்கே நடக்கிற தூரத்தில் "வாட் போ". படுத்திருக்கும் புத்தர். நீளம் 46 மீட்டர், உயரம் 15 மீட்டர். எங்கே நின்றாலும் முழுசாகப் படம் எடுக்க முடியாது. தூண் குறுக்கே வரும். பாதத்தில் முத்துச்சிப்பி பதித்து 108 மங்கலச் சின்னங்கள். சுவர் ஓரம் 108 வெண்கலக் கிண்ணங்களில் ஜனங்கள் சில்லறையைப் போட்டபடி போவார்கள். அந்த "டிங், டிங்" சத்தம் மண்டபம் பூராவும் கேட்கும். இங்கே பாராக்குப் பார்த்தபடி கைப்பையைத் திறந்து போடாதீர்கள்.

ஆற்றுக்கு எதிர்க்கரையில் "வாட் அருண்". உடைந்த சீனப் பீங்கானை ஒட்டியே கோபுரத்தை இழைத்திருக்கிறார்கள். பழைய 10 பாட் நாணயத்தில் இருப்பதும் இதுதான். வாட் போ பக்கத்தில் இருந்தே படகு. சில பாட் கொடுத்தால் அக்கரை. இதற்கென்று தனிப் படகு பேசச் சொல்லி எவனாவது வந்தால் கண்டுகொள்ளாமல் நடையைக் கட்டுங்கள்.

சைனா டவுனில் தங்க புத்தர். எடை ஐந்தரை டன். நூற்றுக்கணக்கான வருஷம் சுண்ணாம்புப் பூச்சுக்குள் மறைந்து கிடந்தது. வெறும் சுதைச் சிலை என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள். 1955-ல் இடம் மாற்றும்போது கயிறு அறுந்து விழுந்தது. பூச்சு பெயர்ந்தது. உள்ளே பளபள! திருடன் எவன் கண்ணிலும் படாமல் தப்பிய தங்கம் இது ஒன்றுதான் போல.

டூர் வண்டி நிற்காத இடங்கள்

பல டூர்களில் "ராட்சத ஊஞ்சலை" வண்டியில் இருந்தபடியே காட்டிவிட்டுப் போய்விடுவார்கள். தமிழர்கள் இறங்கிப் பார்க்க வேண்டிய இடம். 1784-ல் நாட்டிய சிவப்புத் தேக்குமரக் கம்பங்கள், பிறகு இடம் மாறி, 2007-ல் புதிதாகச் செய்யப்பட்டு நிற்கின்றன. பக்கத்திலேயே அரசவைப் பிராமணர்களின் கோவில். அங்கே நடக்கும் விழாவின் பெயர் "த்ரியம்பவாய்". உரக்கச் சொல்லிப் பாருங்கள். நம்ம மார்கழித் திருவெம்பாவையேதான்! ஆட்கள் வானளாவ ஊஞ்சலாடி, கம்பத்தில் கட்டிய காசுப் பையைப் பல்லால் கவ்வுவார்களாம். விபத்துகள் நடந்ததால் 1935-ல் ஊஞ்சல் ஆட்டத்தை நிறுத்திவிட்டார்கள். விழா மட்டும் நடக்கிறது.

கால்வாய் ஓரத்தில் ஜிம் தாம்சன் வீடு. ஆறு பழைய தேக்கு வீடுகளைச் சேர்த்து ஒன்றாக்கியது. அமெரிக்க உளவுத்துறையில் இருந்து, பிறகு தாய்லாந்துப் பட்டை உலகச் சந்தைக்குக் கொண்டுபோனவர். 1967-ம் ஆண்டு மார்ச் 26-ந்தேதி மலேசியாவின் கேமரன் மலைக்குப் போனவர், நடந்துவிட்டு வருகிறேன் என்று கிளம்பினார். ஆள் இன்றுவரை வரவில்லை. பிணமும் கிடைக்கவில்லை.

நகரின் நடுவே, நாலு ரோடு சந்திப்பில் எராவன் பிரம்மா. ஓட்டல் கட்டும்போது விபத்து மேல் விபத்து நடக்க, ஜோசியர் சொல்லி 1956-ல் வைத்த நான்முகன். நம்ம ஊரில் பிரம்மாவுக்குக் கோவில் அபூர்வம். அங்கே வேண்டுதலுக்குக் கியூ நிற்கிறது. 2006-ல் மனநிலை பாதித்த ஒருவர் சுத்தியலால் சிலையை உடைக்க, அங்கிருந்தவர்கள் அவரை அடித்தே கொன்றுவிட்டார்கள். 2015-ம் ஆண்டு ஆகஸ்டு 17-ந்தேதி மாலை, இதே இடத்தில் குண்டு வெடித்து 20 பேர் பலியானார்கள். இரண்டு நாளில் மறுபடி திறந்து பூஜை தொடங்கிவிட்டது.

தானாகப் போகிறவர்களுக்கு

2023 நவம்பர் முதல் இந்தியர்களுக்கு விசா வேண்டாம் என்று தாய்லாந்து அறிவித்ததும் கூட்டம் எகிறியது. 2024-ல் மட்டும் 20 லட்சத்துக்கு மேற்பட்ட இந்தியர்கள் போனார்கள். ஆள் பெருகினால் ஆசாமிகளும் பெருகுவார்கள்.

வண்டியே வேண்டாம் என்றால், சபான் தக்சின் ரெயில் நிலையத்தில் இறங்கி, கீழே படகுத்துறைக்குப் போய், ஆற்றுப் படகில் தா சாங் துறைக்கு டிக்கெட் எடுங்கள். அரண்மனை அங்கிருந்து நடை தூரம். இல்லையென்றால் 2019-ல் திறந்த சனாம் சாய் சுரங்க ரெயில் நிலையம்; வாட் போ பக்கத்திலேயே. யார் என்ன சொன்னாலும் டிக்கெட் கவுண்ட்டர் வரை போய்ப் பார்த்த பிறகே திரும்புங்கள்.

ஏமாந்துவிட்டால் ஊர் திரும்பிப் புலம்புவதில் பிரயோசனம் இல்லை. சுற்றுலா போலீசுக்குத் தனி போன் நம்பர் இருக்கிறது: 1155. ரசீது, கார்டு சீட்டு, கடை விலாசம் மூன்றையும் பத்திரமாக வைத்துக்கொண்டு, விமானம் ஏறும் முன்பே அடியுங்கள். கார்டில் கட்டியிருந்தால் உங்கள் பாங்கிக்கும் அன்றே சொல்லுங்கள்.

சாயந்திரம் நேரம் மிச்சமிருந்தால் சீலோம் ரோட்டு மாரியம்மன் கோவில். 19-ம் நூற்றாண்டில் குடியேறிய தமிழர்கள் கட்டியது. உள்ளூர்க்காரர்களிடம் "வாட் கேக்" என்று கேட்டால் வழி காட்டுவார்கள். வாசலில் மாலை விற்பவர்கள், கும்பிட்டு நிற்பவர்களில் பெரும்பாலோர் தாய்லாந்துக்காரர்கள்தான். உள்ளே படம் எடுக்க அனுமதி இல்லை. போனைப் பையிலேயே வைத்துக்கொள்ளுங்கள்.