எழுத்துருவைத் தேர்ந்தெடுக்கும் முன்

மயிலாப்பூரிலும் தியாகராய நகரிலும் நெடுங்காலமாகப் புத்தக வேலை செய்துவரும் டிடிபி நிலையங்களுக்கு இந்தச் சிக்கல் பழகியது. பழைய கோப்பைத் திறந்தால் தமிழ் இருந்த இடமெல்லாம் பொருளற்ற ஆங்கில எழுத்துகள். கோப்பு கெட்டுவிடவில்லை. அதை அடித்த எழுத்துரு இந்தக் கணினியில் இல்லை.

அந்தக் கால எழுத்துருக்கள் ஆங்கில எழுத்தின் இருக்கையில் தமிழ் வடிவத்தை உட்காரவைத்தவை. பாமினி என்ற எழுத்துருவில் ஜே விசையைத் தட்டினால் திரையில் 'த' தெரியும். கோப்பில் பதிவாவதோ ஜேதான். எழுத்துருவுக்கு எழுத்துரு இந்த இருக்கை மாறியது. 1999 பிப்ரவரியில் சென்னையில் நடந்த தமிழ்நெட்99 மாநாடு இதைச் சீராக்க முயன்றது. டாம், டாப் குறியாக்கங்களும் தமிழ்99 விசைப்பலகையும் அதன் விளைவு. விசைப்பலகை நிலைத்தது, குறியாக்கத்தின் இடத்தை யூனிகோடு பிடித்தது. 2010இல் தமிழக அரசும் அதை ஏற்றது.

யூனிகோடில் தகரத்துக்கென்றே ஓர் எண் உண்டு. எழுத்துருவை மாற்றினாலும் அது மாறாது. 'கெ' என்று எழுதும்போது கொம்பு முன்னால் தெரிந்தாலும், சேமிப்பில் ககரமே முதலில். கொம்பை முன்னே நகர்த்துவது மென்பொருள். பக்க வடிவமைப்பு மென்பொருளில் இந்திய மொழிகளுக்கான அமைப்பைத் தேர்ந்தெடுக்காவிட்டால் கொம்பு பின்னால் போய் நிற்கும். அதற்கு எழுத்துருவைப் பழிப்பது நியாயமில்லை.

எழுத்துருவைச் சோதிக்க 'வாராவாரம்', 'கௌளி', 'ஸ்ரீ', 'க்ஷ' என்று அடித்துப் பார்ப்பேன். ரகரமும் துணைக்காலும் ஒரே பார்வையில் பிரிந்து தெரிய வேண்டும். பிறகு அளவைக் குறைத்து ணகரத்தைப் பார்க்க வேண்டும்: அதன் சுழிகள் அடைத்துக்கொண்டால் அந்த எழுத்துரு தலைப்புக்கு மட்டுமே. மேல்வரியின் 'ழு'வும் கீழ்வரியின் 'கீ'யும் மோதாதபடி வரியிடைவெளியைத் தாராளமாக விட வேண்டும். இதில் கஞ்சத்தனம் காட்டிய புத்தகங்கள் கண்ணை வருத்துகின்றன. நீண்ட உரைநடைக்கு நோட்டோ செரிஃப் தமிழ் எனக்குப் பிடிக்கும். பிரியா ரவிச்சந்திரன் வடிவமைத்த கட்டமரான் திரைக்கும் தலைப்புக்கும் அழகு. இரண்டும் இலவசம்.

பழைய கோப்புகளை இப்போதே யூனிகோடுக்கு மாற்றிவிடுங்கள். கோட்டூர்புரத்திலுள்ள தமிழ் இணையக் கல்விக்கழகம் எழுத்துருக்களோடு மாற்றியையும் இலவசமாகத் தருகிறது. மாற்றிய பின் மெய்ப்பு பார்ப்பது கட்டாயம்: நடுவே இருந்த ஆங்கிலச் சொற்களையும் அந்த மாற்றி தமிழென்று எண்ணி உருமாற்றியிருக்கும், மேற்கோள் குறிகளும் இடம் மாறியிருக்கலாம்.