பதிவேட்டில் இல்லாத உழவர்

குத்தகை நிலத்திலிருந்து ஒருவரை வெளியேற்றும் வழக்கு என்றதும், பாக்கி நெல்லுக்கான தகராறு என்றுதான் தோன்றும். ஆனால் பல வழக்குகள் பாக்கிக் கணக்கை எட்டுவதற்கு முன்பே வேறொரு கேள்வியில் சிக்கிக்கொள்கின்றன: நிலத்தில் நிற்பவர் குத்தகைதாரர்தானா? "கூலிக்கு வந்தவர்", "அத்துமீறி நுழைந்தவர்" என்கிறார் உரிமையாளர். அப்பா காலத்திலிருந்து குத்தகை அளந்து வருவதாகச் சொல்கிறார் உழவர். இருவர் கையிலும் ஒரு துண்டுச் சீட்டுகூட இருக்காது. தமிழ்நாட்டின் குத்தகைச் சட்டங்கள் பலவீனமானவை அல்ல. பதிவேட்டில் பெயர் ஏறாத உழவரை அவை எட்டுவதில்லை என்பதுதான் சிக்கல்.

தஞ்சை வயல்களில் பொதுவுடைமை இயக்கத்தினர் வழிநடத்திய போராட்டங்களுக்குப் பிறகு, ராஜாஜி ஆட்சியில் 1952-ல் தஞ்சைக் குத்தகைதாரர்களுக்கும் பண்ணையாட்களுக்கும் பாதுகாப்பு தரும் அவசரச் சட்டம் வந்தது. 1955-ம் ஆண்டுச் சட்டம் குத்தகைதாரர்களுக்கான அந்தப் பாதுகாப்பை மாநிலம் முழுவதற்கும் விரித்தது. தன் உடலுழைப்பையோ குடும்பத்தாரின் உழைப்பையோ போட்டுப் பயிரிடுபவரே அதன் பார்வையில் சாகுபடிக் குத்தகைதாரர். குத்தகை செலுத்தாமை, நிலத்தைப் பாழாக்குதல், வேளாண்மை அல்லாத வேலைக்குப் பயன்படுத்துதல், உரிமையாளரின் உரிமையை வேண்டுமென்றே மறுத்தல் போன்ற காரணங்கள் இருந்தால்தான் வெளியேற்ற முடியும். அதையும் உரிமையாளர் தானாகச் செய்ய முடியாது. வருவாய்த் துறை அதிகாரி முன் மனுப் போட வேண்டும். பாக்கி இருந்தாலும், சூழ்நிலையைப் பார்த்து அதைக் கட்ட அவகாசம் தர அதிகாரிக்கு இடமுண்டு. உரிமையாளர் குத்தகையை வாங்க மறுத்தால் அதிகாரியிடம் செலுத்தலாம். 1956-ல் வந்த நியாயக் குத்தகைச் சட்டமோ நஞ்சையில் உரிமையாளருக்குக் கண்டுமுதலில் 40 சதவீதம் என்று தொடங்கி, பின்னர் திருத்தத்தால் 25 சதவீதத்துக்கு இறங்கியது.

இவ்வளவும் காகிதத்தில் உண்டு. இவற்றைக் கேட்டு வாங்க, 'நான் குத்தகைதாரர்' என்று முதலில் நிலைநாட்ட வேண்டும். அதற்காகவே 1969-ல் குத்தகை உரிமைப் பதிவேட்டுச் சட்டம் வந்தது. வட்டாட்சியர் நிலையிலுள்ள அலுவலர் விசாரித்துப் பெயரைப் பதிய வேண்டும். அவர் தீர்மானிக்க வேண்டியதை உரிமையியல் நீதிமன்றம் எடுத்துக்கொள்ள முடியாது. நடைமுறையில் உரிமையாளர் தடையாணை கேட்டு உரிமையியல் நீதிமன்றத்துக்குப் போக, உழவர் வட்டாட்சியரிடம் மனுக் கொடுக்க, மேல்முறையீடு, சீராய்வு, உயர் நீதிமன்றம் என்று ஒரே வயலுக்கு இரண்டு பாதைகளில் வழக்கு ஊர்கிறது. அதற்குள் எத்தனையோ சம்பா போய்விடுகிறது. பெயரைப் பதியச் சொல்லிக் கேட்டால் அடுத்த போகத்துக்கு நிலம் கிடைக்காது என்ற அச்சத்தில் பலர் கேட்பதே இல்லை. கிராமப் பயிர்க் கணக்கான அடங்கலில் உரிமையாளர் பெயரே நிற்கும்போது கூட்டுறவுப் பயிர்க்கடனும் பயிர்க் காப்பீடும் உழுபவர் கைக்கு எட்டாமல் நழுவுகின்றன. ஆண்டுக்கு 6,000 ரூபாய் தரும் பிரதமரின் கிசான் திட்டமோ நில உரிமையாளர் குடும்பங்களுக்கு மட்டுமே உரியது.

சட்டம் கடுமையாக இருப்பதால்தான் உரிமையாளர்கள் குத்தகையை மறைக்கிறார்கள், பாதுகாப்பைத் தளர்த்தினால் எல்லாம் வெளிச்சத்துக்கு வரும் என்பது வலுவான எதிர்வாதம். நிதி ஆயோக் 2016-ல் வெளியிட்ட மாதிரிச் சட்டமும் இந்த எண்ணத்தையே அடிப்படையாகக் கொண்டது. அச்சம் மறைப்புக்குக் காரணம் என்பதை நானும் ஏற்கிறேன். ஆனால் பாதுகாப்பைப் பறிப்பதுதான் மருந்து என்பதை மேற்கு வங்க அனுபவம் மறுக்கிறது. அங்கே 1978-ல் தொடங்கிய 'ஆபரேஷன் பர்கா' பதிவு இயக்கம் உழவரின் பரம்பரை உரிமையைக் கைவிடவில்லை; ஆனாலும் விளைச்சலைப் பங்கிட்டு உழும் சுமார் 14 லட்சம் வாரதாரர்கள் பதிவானார்கள். உழவர் தனியாக அலுவலகத்துக்குப் போய் நிற்கவில்லை. அதிகாரிகள் கிராமத்துக்கே வந்து மாலை முகாம் நடத்தினார்கள். உழவர்கள் கூட்டமாக வந்து பெயர் கொடுத்தார்கள். விளைச்சலும் கூடியதாகப் பொருளியல் ஆய்வு சொல்கிறது. கேரளம் 1970-ல் நிலத்தையே குத்தகைதாரர்களுக்கு உரிமையாக்கியது. அது பெரிய சாதனை. ஆனால் புதிய குத்தகைக்குத் தடை போட்டதால், இன்றைய குத்தகை அங்கேயும் வாய்மொழியாகவே நடக்கிறது.

சிறு உரிமையாளரின் கவலையையும் ஒதுக்கக் கூடாது. இரண்டு ஏக்கரை வைத்துக்கொண்டு வெளியூரில் பிழைப்பவரும், கணவரை இழந்த பெண்ணும் தம் நிலம் திரும்பாதோ என்று அஞ்சுவது நியாயமே. சொந்தச் சாகுபடிக்காக நிலத்தில் ஒரு பகுதியைத் திரும்பப் பெற 1955-ம் ஆண்டுச் சட்டமே நிபந்தனைகளோடு வழி வைத்திருக்கிறது. அந்த மனுக்கள் விரைவாக முடியுமானால் அச்சம் குறையும். கோயில் நிலங்களில் பெயர் பதியாமைக்கு நேர்மாறான கோளாறு உண்டு: குத்தகை ஒருவர் பெயரில் இருக்க, உள்குத்தகைக்கு உழுபவர் வேறொருவர். உடலுழைப்புதான் சட்டத்தின் அளவுகோல் என்றால் பாதுகாப்பு அந்த இரண்டாமவருக்கே சேர வேண்டும். உழுபவரை அடையாளம் காண வழி இருக்கிறது: கிராம நிர்வாக அலுவலர் ஒவ்வொரு போகத்திலும் அடங்கல் எழுத வயலைப் பார்க்க வேண்டியவர். அந்த நேரத்தில் வரப்பில் நின்று, அக்கம்பக்கத்து உழவர்கள் முன்னிலையில், இதை உழுவது யார் என்று கேட்டு எழுதிக்கொள்ள அவருக்குப் புதுச் சட்டம் எதுவும் தேவையில்லை.