கணவாயில் நின்ற கார்

உங்கள் வீட்டில் மோட்டார் கார் இருக்கிறதா? இருந்தால், ஓட்டுகிறவருக்கு எதிரே உள்ள பலகையில் எஞ்சின் உருவத்தில் ஒரு சின்ன மஞ்சள் விளக்கு இருப்பதைக் கவனித்திருப்பீர்கள். சாவியைத் திருப்பியதும் அது கண் விழிக்கும். எஞ்சின் ஓடத் தொடங்கியதும் சமர்த்தாகத் தூங்கிவிடும். தூங்காமல் விழித்துக்கொண்டே இருந்தால், வண்டி உங்களிடம் ஏதோ புகார் சொல்கிறது என்று அர்த்தம்.

என் தமக்கையின் காரில் அந்த விளக்கு பதினைந்து நாட்களாக விழித்துக்கொண்டிருந்தது. ஒரு பட்டறையில் காட்டினோம். ஸ்பார்க் பிளக்குகளை மாற்றி, விளக்கையும் அணைத்து, நல்ல தொகையாக ஒரு ரசீதும் கொடுத்தார்கள். மூன்றாம் நாள் விளக்கு மறுபடி எரிந்தது. "அடுத்தது பெட்ரோல் பம்பாக இருக்கலாம்" என்றார்கள். "இருக்கலாம் என்பதற்காக யாராவது பம்பு வாங்குவார்களா?" என்று கேட்டுவிட்டு, அக்கா அதே வண்டியில் கம்பத்துக்குப் பிரயாணப்பட்டாள். மறுநாள் காலை அவளுடைய நாத்தனார் மகளுக்கு அங்கே வளைகாப்பு. வழியில் ஆண்டிபட்டியை ஒட்டிய சக்கம்பட்டியில், வருகிறவர்களுக்குக் கொடுக்கச் சேலைகள் எடுக்க வேண்டும். பின் ஆசனத்தில் அக்காவின் மாமியார், பக்கத்தில் நான்.

மதுரையிலிருந்து தேனிக்குப் போகும் பாதையில், உசிலம்பட்டியைத் தாண்டினால் ஆண்டிபட்டிக் கணவாய் வரும். நல்ல வெயில் நேரம். முன்னால் ஒரு லாரி மூச்சு வாங்க ஏறிக்கொண்டிருந்தது. பின்னால் இன்னொரு லாரி. வளைவில் திரும்பும்போது, ஒரு குலுக்கல் இல்லை, ஒரு முனகல் இல்லை, எஞ்சின் சட்டென்று நின்றுவிட்டது!

எஞ்சின் நின்றால் ஸ்டியரிங் கல்லாய்க் கனக்கும். பிரேக்கும் இரண்டு மூன்று தடவை மிதித்தபின் இறுகிப்போகும். இரண்டுக்கும் துணை நின்ற எஞ்சின் ஓய்ந்துவிட்டதல்லவா? இது தெரியாதவர்கள் பிரேக்கே போய்விட்டது என்று கலங்கிவிடுவார்கள். அக்கா கலங்கவில்லை. பலத்தையெல்லாம் காலில் திரட்டி ஒரே அழுத்தாக அழுத்தி, வண்டியைச் சாலையின் இடது ஓரத்துக்குக் கொண்டுவந்தாள். கைப் பிரேக்கை இழுத்தாள். நான்கு மூலை விளக்குகளையும் மினுக்க விட்டாள். நான் இறங்கிச் சக்கரத்துக்குக் கல் வைத்தேன். பாட்டியை வண்டியிலிருந்து இறக்கி, சாலையை விட்டு விலகி ஒரு மர நிழலில் உட்கார வைத்தோம். பின்னால் வந்த லாரி எங்களை உரசினாற்போல் கடந்து சென்றது. அதை இன்று நினைத்தாலும் வயிற்றைக் கலக்குகிறது.

கால் மணி கழித்துச் சாவியைத் திருப்பினால், சற்று நேரம் வெறுமனே சுற்றிவிட்டு, ஒன்றும் நடக்காததுபோல் எஞ்சின் ஓடத் தொடங்கியது! மெல்ல இறங்கி ஆண்டிபட்டி வந்து சேர்ந்து, சாலையோரம் இருந்த ஒரு சிறு பட்டறையில் நிறுத்தினோம்.

மூன்று கேள்விகள்

பட்டறைக்காரர் ஸ்பானரை எடுக்கவில்லை. முதலில் கேள்விதான் கேட்டார்.

"அக்கா, வண்டி நல்லாச் சூடான பிறகு நின்னுச்சா, கிளம்பினதும் நின்னுச்சா?"

"ஒரு மணி நேரம் ஓடின பிறகுதான், அண்ணே."

"குலுங்கி நின்னுச்சா, விளக்கை அணைச்ச மாதிரி நின்னுச்சா?"

"விளக்கை அணைச்ச மாதிரி."

"ஆறினதும் தானாக் கிளம்பிருச்சா?"

"ஆமாம்."

அவர் தலையை ஆட்டிக்கொண்டு, ஸ்டியரிங்குக்குக் கீழே ஒளிந்திருக்கும் பதினாறு முனைத் துளையில் ஒரு கைக்கருவியைச் செருகினார். ஸ்கேனர் என்று அதற்குப் பெயர். வண்டியின் கம்ப்யூட்டர் எழுதி வைத்திருக்கும் புகாரை அது படித்துச் சொல்லும். கண்ணாடியில் 'பி 0340' என்று எழுத்து வந்தது. கேம் ஷாஃப்ட் எந்த நிலையில் இருக்கிறது என்று சொல்லும் சென்சாரின் மின் இணைப்பில் கோளாறு என்பது அதற்குப் பொருள்.

"அப்படியானால் அதை மாற்றிவிட வேண்டியதுதானே?" என்றேன்.

"அவசரப்படாதீங்க சார். இது வலிக்கிற இடத்தைத்தான் சொல்லுது, நோயைச் சொல்லலை" என்றார் அவர்.

இந்த ஒரு வாக்கியத்தை உங்களிடம் சொல்லத்தான் இத்தனை நீளமாக எழுதுகிறேன். தலைவலி என்று போகிறவருக்கு நல்ல வைத்தியர் உடனே தைலத்தை நீட்டுவதில்லை. கண்ணையும் பார்ப்பார், பல்லையும் பார்ப்பார். அந்தச் சென்சாருக்குப் போகும் ஒயர் தேய்ந்து அறுந்திருந்தாலும் இதே எண் வரும். செருகியில் எண்ணெய் கசிந்திருந்தாலும் வரலாம். பாட்டரி சோர்ந்திருந்தாலும் சில வண்டிகளில் வரும். எதையும் பாராமல் சாமானை மட்டும் மாற்றினால், காசு போகும், கோளாறு போகாது.

தறி சொன்ன பாடம்

அது சரி, இந்தக் கேம் ஷாஃப்ட் என்பது என்ன? எனக்கு அது விளங்கியது பட்டறையில் அல்ல. "நான் சோதிச்சு முடிக்க ஒரு மணி நேரம் ஆகும். நீங்க போய்ச் சேலை எடுத்திட்டு வாங்க" என்று அவர் அனுப்பிவைத்த சக்கம்பட்டியில்தான்.

அங்கே அக்காவும் பாட்டியும் பருத்திச் சேலைகளை விரித்துப் பார்த்துக்கொண்டிருக்க, நான் பின்கட்டில் ஓடிய விசைத்தறியைப் பார்த்துக்கொண்டு நின்றேன். தறியில் இரண்டு தண்டுகள். மேலே உள்ள தண்டு ஒவ்வொரு சுற்றுக்கும் ஓர் ஊடை நூலை அடித்து நெருக்குகிறது. கீழே உள்ள தண்டோ, மேல் தண்டு இரண்டு சுற்றுச் சுற்றும்போது ஒரே ஒரு சுற்றுத்தான் சுற்றுகிறது. அதில் பொருத்திய முட்டை வடிவ உருளைகள், பாவு நூல்களில் இந்தப் பாதியை ஒரு முறையும் அந்தப் பாதியை மறு முறையும் மாற்றி மாற்றி இயக்குகின்றன. முறை தப்பினால் சேலை இல்லை; சிக்கல்தான்!

கார் எஞ்சினும் அப்படியே. பிஸ்டன்கள் ஏறி இறங்கிச் சுழற்றுவது கிராங்க் ஷாஃப்ட். அது இரண்டு சுற்று சுற்றினால் கேம் ஷாஃப்ட் ஒரு சுற்று. கேம் ஷாஃப்டில் உள்ள முட்டை வடிவப் புடைப்புகள்தாம், காற்று வரும் வாசலையும் புகை போகும் வாசலையும் வேளையறிந்து திறந்து விடுகின்றன. இப்படிப் புடைப்புள்ள தண்டால் பொறிகளை இயக்கும் உபாயத்தை, அல் ஜஸாரி என்ற அறிஞர் 1206ஆம் ஆண்டிலேயே தம் நூலில் விவரித்திருக்கிறார்.

இதில் ஒரு சூட்சுமம் உண்டு. பிஸ்டன் மேலே ஏறி வருகிறது. காற்றை நெருக்கவா, புகையை வெளியே தள்ளவா? கிராங்க் ஷாஃப்டைப் பார்த்துச் சொல்ல முடியாது. கேம் ஷாஃப்டைப் பார்த்தால்தான் தெரியும். அது தெரிந்தால்தான் எந்த அறைக்கு எப்போது பெட்ரோல், எந்த அறைக்கு எப்போது பொறி என்று கம்ப்யூட்டர் தீர்மானிக்க முடியும்.

பழைய அம்பாஸிடரில் இந்தத் தொல்லை இல்லை. கேம் ஷாஃப்டே டிஸ்ட்ரிபியூட்டரைச் சுழற்றி, முறைப்படி பொறியைப் பங்கிட்டுக் கொடுத்தது. 2014இல் அம்பாஸிடர் உற்பத்தியே நின்றுவிட்டது. புகைக் கட்டுப்பாட்டு விதிகள் ஒவ்வொரு படியாக இறுகி, 2020 ஏப்ரலில் பாரத் ஸ்டேஜ் 6 வரை வந்துவிட்டன. துளித் துளியாகப் பெட்ரோலை அளந்துவிடும் வேலை கம்ப்யூட்டர் கைக்குப் போயிற்று. அதற்குக் கண் வேண்டாமா? அந்தக் கண்களில் ஒன்றுதான் இந்தச் சென்சார்.

கட்டைவிரல் பருமனான அந்தச் சாமானுக்குள், பல வண்டிகளில், ஒரு சிறு காந்தமும் ஒரு சில்லும் இருக்கின்றன. எதிரே பற்கள் உள்ள சக்கரம் சுழலும்போது காந்தப் புலம் மாறும். சில்லு 'பல், பள்ளம், பல், பள்ளம்' என்று மின்சார பாஷையில் சொல்லும். 1879இல் எட்வின் ஹால் என்ற அமெரிக்க மாணவர் கண்டுபிடித்த தத்துவம் இது; அவர் பெயராலேயே ஹால் விளைவு என்கிறார்கள்.

முடி உலர்த்தும் கருவி

நாங்கள் சேலை மூட்டையோடு திரும்பியபோது, பட்டறைக்காரர் பாதிச் சோதனையை முடித்திருந்தார். பாட்டரி சரி. ஒயரில் காயம் இல்லை. செருகியில் எண்ணெய் இல்லை. சென்சாருக்கு மூன்று ஒயர்கள்: ஒன்று மின்சாரம் தருவது, ஒன்று எர்த்து, ஒன்று சேதி கொண்டுபோவது. மல்டிமீட்டரால் மூன்றையும் பார்த்திருந்தார். எஞ்சினைக் கையால் மெல்லத் திருப்பினால், சேதி ஒயரில் 5 வோல்ட், பூஜ்யம், 5 வோல்ட், பூஜ்யம் என்று மாறி மாறி வந்தது.

"எல்லாம் சரியாக இருக்கிறதே!" என்றாள் அக்கா ஏமாற்றத்தோடு.

"ஆறிப் போயிருக்குல்ல, அதான் சரியா இருக்கு. சூடு பண்ணிப் பார்ப்போம்" என்று சொல்லி, அவர் தம் வீட்டிலிருந்து கொண்டுவரச் சொன்ன பொருள் எது தெரியுமா? மகள் தலைமுடி உலர்த்தும் கருவி! அதன் வெப்பக் காற்றைச் சென்சாரின்மீது சில நிமிஷங்கள் காட்டினார். மறுபடி எஞ்சினைத் திருப்பினார். மீட்டரின் எண் அசையவே இல்லை. ஆற விட்டார், உயிர் வந்தது. மறுபடி சூடு காட்டினார், மறுபடி மயக்கம்.

"இப்ப மாத்தலாம்" என்றார்.

சென்சாருக்குள் இருக்கும் நுண்ணிய இணைப்பு ஆண்டுக்கணக்கில் வெப்பத்திலும் அதிர்விலும் விரிசல் கண்டால், சூட்டில் பிரியும், ஆறினால் கூடும். கணவாய் ஏற்றத்தில் எஞ்சின் கொதித்த வேளையில் நின்று, கால் மணியில் எழுந்ததன் ரகசியம் இதுதான். டைமிங் செயினோ பெல்ட்டோ நழுவியிருந்தாலும் கேம் ஷாஃப்டைப் பற்றிய புகார் வரலாம். ஆனால் அது ஆறினதும் சரியாகிவிடாது. அப்படிச் சந்தேகம் இருந்தால் சாவியைத் திருப்பித் திருப்பி எஞ்சினைச் சுற்றக் கூடாது. வால்வும் பிஸ்டனும் மோதி எஞ்சினே பாழாகலாம்.

தேனிக்குப் போன் செய்து, அந்த வண்டிக்கே உரிய சென்சாரைப் பஸ்ஸில் வரவழைத்தார். மாற்றும் வேலை காப்பி ஆறுவதற்குள் முடிந்தது. பாட்டரியின் எதிர்முனை ஒயரைக் கழற்றினார். செருகியின் பூட்டை நெம்பாமல் அழுத்தி விடுவித்தார். ஒரே ஒரு போல்ட்டைக் கழற்றி, சென்சாரை இப்படியும் அப்படியும் திருகி உருவினார். பழைய ரப்பர் வளையம் உள்ளே தங்கிவிடவில்லை என்று பார்த்துக்கொண்டார். புதியதன் வளையத்தில் ஒரு சொட்டு எஞ்சின் ஆயில் தடவி, தட்டாமல் கையாலேயே அழுத்திப் பொருத்தி, போல்ட்டை அளவாக முறுக்கினார். பிறகு புகாரை அழித்து, நன்றாகச் சூடேறும்வரை வண்டியை ஓட்டிப் பார்த்து, மீண்டும் ஸ்கேனரால் படித்தார். புகார் இல்லை.

"இந்தச் சுண்டைக்காயா நம்மளை நடுரோட்டுல நிறுத்துச்சு?" என்று பழைய சென்சாரைக் கையில் வைத்துக்கொண்டு கேட்டார் பாட்டி.

"ஆமாம் அம்மாச்சி. கையோட எடுத்துட்டுப் போங்க" என்றார் பட்டறைக்காரர். சாமானுக்கும் கூலிக்கும் அவர் வாங்கியது, முன்பு கொடுத்த ரசீதுத் தொகையில் பாதிகூட இல்லை.

நீங்கள் கேட்க வேண்டியவை

சகோதரிகளே, பட்டறையில் பெண் வந்து நின்றால், "ஐயா வரட்டும்" என்று சொல்கிறவர்கள் இன்றும் உண்டு. ஐயா வரவேண்டியதில்லை, நீங்களே கேட்கலாம். ஸ்கேனரில் என்ன எண் வந்தது? எழுதி வாங்கிக்கொள்ளுங்கள். சாமான்தான் கெட்டது என்று எப்படிச் சோதித்தீர்கள்? ஒயரைப் பார்த்தீர்களா? மாற்றிய பழைய சாமான் எங்கே? இவற்றைக் கேட்க எஞ்சினியர் படிப்பு வேண்டாம். ஒழுங்கான தொழிலாளி இந்தக் கேள்விகளுக்குக் கோபிக்க மாட்டார், மகிழ்ச்சியோடு விளக்குவார்.

மஞ்சள் விளக்கு நிலையாக எரிந்தால், நாள் கடத்தாமல் காட்டுங்கள். விட்டு விட்டு மினுக்கினால், எஞ்சினில் பொறி தவறுகிறது என்று பொருள். ஓரமாக நிறுத்திவிடுவதே நல்லது. விளக்கை அணைத்துவிட்டதாலேயே கோளாறு தீர்ந்துவிட்டது என்று மட்டும் எண்ணாதீர்கள். அழுகிற குழந்தையின் வாயைப் பொத்தினால் பசி தீருமா?

அன்று இரவு எட்டு மணிக்கு நாங்கள் கம்பம் போய்ச் சேர்ந்தோம். மறுநாள் வளைகாப்பு சிறப்பாக நடந்தது; ஆண்டிபட்டிச் சேலைகளை எல்லோரும் மெச்சினார்கள். திரும்பும்போது அதே கணவாய், அதே வெயில், அதே ஏற்றம். பாட்டி மட்டும் வழியெல்லாம் முன் பலகையையே எட்டி எட்டிப் பார்த்துக்கொண்டு வந்தார்.

"விளக்கு எரியுதாடி?"

"இல்லை அத்தை, தூங்குகிறது."

"அப்ப நானும் தூங்கறேன்" என்று சொல்லி அவர் கண்ணை மூடிக்கொண்டார்.